எப்போது வீடு திரும்பலாம்?

சாவகச்சேரியிலிருந்து ஏ9 வீதியில் கிழக்கே போனால் மீசாலை, கொடிகாமம், மிருசுவில், எழுதுமட்டுவாள் என்று ஊர்கள் ஒன்றன்பின் ஒன்றாக வரும். அதற்கப்பால் முகமாலை. போர் முடிந்து பல ஆண்டுகள் ஆன பின்னும் அங்கே வீதியின் இரு மருங்கிலும் மண்டையோடு வரைந்த சிவப்புப் பலகைகள் நின்றன. பலகைக்கு இப்பால் மாடு மேயும். அப்பால் அதே புல், அதே மணல், அதே வடலி. கால் வைக்கத்தான் ஆளில்லை.

ஜப்பானின் புகுஷிமா மாகாணத்தில் இயிதாதே என்றொரு மலைக் கிராமம் இருக்கிறது. மாட்டிறைச்சிக்குப் பேர்போன ஊர். 2011 மார்ச் 11ஆம் திகதி கடல் பொங்கி, கரையோரத்திலிருந்த அணுமின் நிலையத்தின் மூன்று உலைகள் உருகிய பிறகு அங்கும் இதே காட்சிதான். வயலும் ஓடையும் காடும் இருந்தபடியே இருந்தன. மனிதர் மட்டும் ஆறு ஆண்டுகள் இல்லை.

இலங்கையில் அணு உலை இல்லை. சாவகச்சேரியைச் சுற்றியுள்ள தென்மராட்சி மண்ணில் கிடந்தது கதிர்வீச்சும் அல்ல, மிதிவெடி. இருந்தாலும் இந்த இரண்டு மண்ணையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பார்க்க நான் விரும்புகிறேன். கண்ணுக்குத் தெரியாத ஆபத்து நிலத்துக்குள் கிடக்க, ஊர் வெளியே காத்திருக்கிறது. ஒருநாள் யாரோ ஒருவர் "இனிப் போகலாம்" என்று சொல்லவேண்டும். அந்த ஒரு வசனத்துக்குப் பின்னால் எவ்வளவு இயற்பியலும் மண்ணியலும் இருக்கின்றன, அவற்றைத் தாண்டி எவ்வளவு ஆட்சி முடிவு இருக்கிறது என்பது வியப்பூட்டும் கதை.

சாவகச்சேரிக்கும் இயிதாதேக்கும் இன்னுமொரு ஒற்றுமை உண்டு. 1995 ஒக்டோபர் 30 இரவு, போருக்கு அஞ்சி, யாழ்ப்பாண நகரை உள்ளடக்கிய வலிகாமம் முழுவதும் எழுந்து நாவற்குழிப் பாலத்தைக் கடந்தபோது, அந்தச் சனத்தைத் தாங்கியது தென்மராட்சிதான். சாவகச்சேரியின் பள்ளிக்கூடங்கள், கோயில் மண்டபங்கள், மாமரத்து நிழல்கள் எல்லாம் நிரம்பின. ஐந்து ஆண்டுகள்கூடச் செல்லவில்லை. 2000 ஏப்ரல் 22ஆம் திகதி ஆனையிறவுப் படைத்தளம் புலிகளிடம் வீழ்ந்தது, மே மாதத்தில் சண்டை சாவகச்சேரி நகருக்குள் வந்தது, அடைக்கலம் கொடுத்தவர்களே அகதிகளானார்கள். செப்ரெம்பரில் இராணுவம் நகரை மீளப் பிடித்தபோது சந்தையும் கடைத்தெருவும் கற்குவியலாகக் கிடந்தன. இயிதாதேயிலும் இப்படித்தான். கடற்கரையிலிருந்து ஓடிவந்தவர்களுக்கு 2011 மார்ச்சில் அந்தக் கிராமம் சோறாக்கிப் போட்டது. ஏப்ரல் 22ஆம் திகதி அந்தக் கிராமத்தையே காலிசெய்யும்படி அரசு அறிவித்தது.

ஏன் அவ்வளவு பிந்தி அறிவித்தார்கள்? அரசு முதலில் வரைந்தது வட்டம். அணுமின் நிலையத்தை நடுவில் வைத்து 20 கிலோமீற்றருக்குள் இருப்போர் வெளியேறவேண்டும், 30 கிலோமீற்றர் வரை இருப்போர் வீட்டுக்குள் இருக்கவேண்டும் என்றது. ஆனால் காற்று வட்டத்தில் வீசுவதில்லை. மார்ச் 15ஆம் திகதி வெளிவந்த கதிரியக்கத் துகள்களை வடமேற்காக அள்ளிக்கொண்டு போனது காற்று. மேலே மழையும் பனியும் பெய்து அவற்றை மண்ணில் இறக்கின. வட்டத்துக்கு வெளியே ஏறத்தாழ 40 கிலோமீற்றர் தொலைவிலிருந்த இயிதாதே, வட்டத்துக்குள்ளிருந்த சில இடங்களைவிட அதிகம் வாங்கிக்கொண்டது. நாமியே நகரத்து மக்கள் பலர் பாதுகாப்பென்று நம்பி ஓடிப்போன சுஷிமா பகுதி, துகள்கள் போன அதே பாதையில் இருந்தது. துகள்கள் எங்கே போகும் என்று கணிக்கும் முறை அரசிடம் இருந்தது. கணிப்பு அந்த மக்களை வேளைக்கு எட்டவில்லை. இந்த விபத்தின் கதையில் என்னை அதிகம் வருத்துவது உலை உருகியதைவிட இதுதான்.

விழுந்தவற்றில் முக்கியமானவை மூன்று. அயடின்-131 எட்டு நாளில் பாதியாகும். சில மாதங்களில் அதன் கதை முடிந்துவிடும். சீசியம்-134 இரண்டு ஆண்டில் பாதியாகும். சீசியம்-137 பாதியாவதற்கு முப்பது ஆண்டு வேண்டும். புகுஷிமாவில் இரண்டு சீசியமும் ஏறக்குறையச் சம அளவில் விழுந்தன. ஆனால் குறுகிய ஆயுளுள்ள 134தான் அதிகம் தாக்கும் வகை. எனவே எவரும் ஒன்றும் செய்யாமலே மூன்று ஆண்டுகளில் தாக்கம் பாதியாகவும், பத்து ஆண்டுகளில் கால்வாசியாகவும் குறைந்திருக்கும். இது இயற்பியல் தரும் சலுகை. அதற்குப் பிறகுதான் நெடுங்காத்திருப்பு, ஏனென்றால் எஞ்சியது பெரும்பாலும் 137.

இனி மண்ணின் வேலை. சீசியம் வேதியியலில் பொட்டாசியத்தின் உறவு. களிமண்ணில் உள்ள மைக்கா வகைக் கனிமங்கள் மெல்லிய அடுக்குகளால் ஆனவை. காலத்தால் அரிபட்ட அடுக்குகளின் ஓரங்கள், பூச்சி அரித்த பழைய ஏட்டுச்சுவடியின் ஓரம்போல விரிந்து நிற்கும். அந்த இடைவெளி சீசியம் அணுவின் அளவுக்குக் கச்சிதமானது. உள்ளே போன சீசியம் எளிதில் வெளியே வராது. மழை பெய்து கழுவினாலும் ஆழத்துக்கு இறங்காது. ஆண்டுகள் கழித்து அளந்தபோதும் அதன் பெரும்பகுதி மேல் ஐந்து சென்ரிமீற்றருக்குள்ளேயே இருந்தது. அதனால்தான் ஜப்பான் துணிந்து ஒரு வேலையைத் தொடங்கியது: மேல்மண்ணை வழித்து எடுப்பது.

எவ்வளவு மண் என்பதை நம் கணக்கில் பார்க்கலாம். யாழ்ப்பாணத்தில் பதினாறு பரப்பு ஓர் ஏக்கர். ஒரு பரப்புக் காணியில் ஐந்து சென்ரிமீற்றர் மண் வழித்தால் பன்னிரண்டு, பதின்மூன்று கன மீற்றர் வரும். ஜப்பானியர் மண்ணைக் கட்டிய கறுப்புப் பைகளில் ஒன்று ஒரு கன மீற்றர் கொள்ளும். ஆகவே ஒரு பரப்புக்குப் பன்னிரண்டு பைக்கு மேல். இப்படி வீடு, வயல், பள்ளிக்கூட முற்றம், தெருவோரம் என்று வழித்துச் சேர்ந்த மண் சுமார் 140 இலட்சம் கன மீற்றர். அணுமின் நிலையத்தைச் சுற்றியுள்ள ஒக்குமா, ஃபுத்தாபா ஆகிய இரு நகரங்களின் நிலத்தில் அது சேர்த்து வைக்கப்பட்டிருக்கிறது. 2045 மார்ச்சுக்குள் அதைப் புகுஷிமாவுக்கு வெளியே கொண்டுபோய் முடிவான இடத்தில் வைக்கவேண்டும் என்று சட்டமே இருக்கிறது.

வயலை வழித்தால் போதுமா? நூறாண்டு உரம் போட்டு வளர்த்த மேல்மண் அதோடு போய்விடுகிறது. புதுமண் கொட்டிய வயலில் நெல் பசியோடு நிற்கும். இங்கேதான் ஒரு சின்ன உபாயம் பெரிய வேலை செய்தது. பயிருக்குப் பொட்டாசியம் குறைவாகக் கிடைத்தால், அதன் உறவான சீசியத்தை வேர் தவறுதலாக உறிஞ்சும். வேண்டியமட்டும் பொட்டாசியம் போட்டால் சீசியத்தைச் சீண்டாது. நம் கமக்காரர் மிளகாய்க்கும் புகையிலைக்கும் போடும் அதே பொட்டாஷ் உரந்தான். 2012 அறுவடையிலிருந்து புகுஷிமாவின் அரிசி மூடை ஒவ்வொன்றையும், ஆண்டுக்கு ஏறத்தாழ ஒரு கோடி மூடை, கருவிக்குள் விட்டு அளந்தார்கள். அனுமதித்த எல்லை கிலோவுக்கு 100 பெக்கரெல், அதாவது ஒரு கிலோ அரிசியில் விநாடிக்கு நூறு அணு சிதைவு. 2015 அறுவடையிலிருந்து ஒரு மூடையும் எல்லையைத் தாண்டவில்லை. ஒப்பிட்டுப் பார்க்க ஒரு தகவல்: வளர்ந்த ஒரு மனிதரின் உடம்பில் இயற்கையாக உள்ள பொட்டாசியம்-40இல் மட்டும் விநாடிக்குச் சுமார் நாலாயிரம் அணுக்கள் சிதைகின்றன.

முகமாலை மண்ணுக்கு இந்தச் சலுகை ஒன்றும் இல்லை. மிதிவெடிக்குப் பாதியாகும் காலம், அதாவது அரைவாழ்வு, கிடையாது. தனங்கிளப்புப் பக்கம் உப்புக்காற்று இரும்பைத் தின்னும், கறையான் மரப்பெட்டியைத் தின்னும், ஆனால் உள்ளே இருக்கும் வெடிமருந்து பல பத்தாண்டுகள் உயிரோடு கிடக்கும். புலிகள் செய்த ஜொனி மிதிவெடிகளில் ஒரு வகை மரப்பெட்டியில் அடைத்தது. இராணுவம் புதைத்த பாகிஸ்தான் தயாரிப்பான பி4 பிளாஸ்ரிக்கால் ஆனது, உள்ளே உலோகம் மிகச் சொற்பம். சீசியம் இடைவிடாமல் தன் இருப்பைச் சொல்லிக்கொண்டே இருக்கும், கருவி இருந்தால் கேட்கலாம். மிதிவெடி மிதிக்கும்வரை பேசாது.

உலோகங்காண் கருவியின் வேலை எளிய இயற்பியல். சுருளில் மாறிமாறி ஓடும் மின்னோட்டம் ஒரு காந்தப்புலத்தை மண்ணுக்குள் அனுப்பும். அங்கே உலோகம் இருந்தால் அதில் சுழல் மின்னோட்டம் எழும். அது தன் பங்குக்கு ஒரு சிறு காந்தப்புலத்தைத் திருப்பி அனுப்பும், கருவி கூவும். தோட்டத்து மண்ணில் இது அருமையாக வேலை செய்யும். ஆனால் முகமாலை, கிளாலி, நாகர்கோவில் அச்சில் ஆண்டுக்கணக்காக முன்னரங்கு நின்றது. எறிகணைச் சிதறலும் துப்பாக்கி ரவையும் இல்லாத ஒரு சாண் மண் அங்கே அரிது. கருவி ஓயாமல் கூவும். எந்தக் கூவல் ரவை, எந்தக் கூவல் மிதிவெடியின் ஊசி என்று அதற்குத் தெரியாது.

இந்த இடத்தில்தான் இலங்கை மண்ணிலேயே ஒரு முறை வளர்ந்தது. 2002க்குப் பின் வடக்கில் மிதிவெடி அகற்றியவர்கள் நீளப் பிடி போட்ட வாரியைக் கையிலெடுத்தார்கள். ஒரு மீற்றர் அகலப் பாதை, இரு ஓரத்திலும் அடையாளக் கட்டைகள், முன்னே தரையில் குறுக்காக ஒரு தடி. தடிக்கு இப்பால் துப்புரவான நிலம், அப்பால் துப்புரவாகாதது. முகக் கவசமும் மார்புக் கவசமும் அணிந்த பெண் ஒருவர் இலேசான வாரியால் முன்மண்ணைச் சுரண்டி இளக்குகிறார். பிறகு கனமான வாரியால் தன்பக்கம் இழுக்கிறார். மண் ஒரு சுவராக அறுபட்டுப் பின்வாங்குகிறது. மிதிவெடியின் அமுக்கத் தட்டு மேலே இருக்கும், வாரி அதைப் பக்கவாட்டில் சந்திக்கும். அதில்தான் உயிர் தங்கியிருக்கிறது. மணற்பாங்கான தென்மராட்சி கிழக்கு மண் இதற்கு ஒத்துழைத்தது. கருவி தோற்ற இடத்தில் வாரி வென்றது என்பது எனக்கு இன்றும் ஆச்சரியமான விஷயம். இதைச் செய்பவர்களில் பெருந்தொகையானோர் பெண்கள். போரில் கணவனை இழந்து குடும்பத்தைத் தனியே சுமப்போர் அவர்களில் பலர். ஹலோ ட்ரஸ்ட் என்ற வெளிநாட்டு நிறுவனம் 2002 முதல் வடக்கில் இந்த வேலையைச் செய்கிறது. டாஷ், ஷார்ப் போன்ற உள்நாட்டு நிறுவனங்களும் இராணுவப் பொறியியலாளரும் களத்தில் உண்டு. எல்லாவற்றையும் ஒருங்கிணைப்பது 2010இல் அமைந்த தேசிய மிதிவெடி நடவடிக்கை நிலையம்.

சரி, மண் வழித்தாயிற்று, மிதிவெடி எடுத்தாயிற்று. "போகலாம்" என்பதை எந்த எண் சொல்கிறது?

புகுஷிமாவில் அந்த எண் 0.23. மணிக்கு 0.23 மைக்குரோசீவேர்ட்டுக்குக் (உடம்பு வாங்கும் கதிர்வீச்சை அளக்கும் அலகு சீவேர்ட்; ஆயிரம் மைக்குரோ ஒரு மில்லி) கீழே இறக்கவேண்டும் என்பது மண் வழிப்பின் இலக்கு. இது எங்கிருந்து வந்தது? ஆண்டுக்கு ஒரு மில்லிசீவேர்ட் மேலதிகக் கதிர்வீச்சு என்பது நீண்டகால நோக்கு. ஒருவர் நாளுக்கு எட்டு மணிநேரம் வெளியே நிற்பார், பதினாறு மணிநேரம் மர வீட்டுக்குள் இருப்பார், வீட்டுக்குள் கதிர்வீச்சு பத்தில் நாலு பங்காகக் குறையும் என்று வைத்துக்கொண்டு கணக்குப் போட்டார்கள். 0.19 வந்தது. இயற்கையாக உள்ள 0.04ஐக் கூட்டினார்கள். 0.23.

பாருங்கள், அந்த எண்ணுக்குள் ஒரு மனிதர் இருக்கிறார். எட்டு மணிநேரம் வெளியே நிற்கும் கற்பனை மனிதர். உண்மையான கமக்காரர் விடியலில் வயலுக்குப் போய்க் கருக்கலில் திரும்புவார். கந்தோரில் வேலை செய்பவர் ஒரு மணிநேரமும் வெளியே நில்லார். ஆளுக்கு ஆள் சிறு அளவிமானி கொடுத்து அளந்தபோது, பெரும்பாலோர் வாங்கியது அந்தச் சூத்திரம் சொன்னதைவிடக் குறைவு என்று தெரிந்தது.

திரும்பிச் செல்வதற்கான எல்லையோ வேறு: ஆண்டுக்கு 20 மில்லிசீவேர்ட்டுக்குக் கீழே. 2011 ஏப்ரலில் பள்ளிக்கூட முற்றங்களுக்கும் இதே 20ஐக் கல்வியமைச்சு வைத்தபோது, பிரதமரின் ஆலோசகராயிருந்த கதிர்வீச்சுத்துறைப் பேராசிரியர் தொஷிசோ கொசாக்கோ, பிள்ளைகளுக்கு இதை ஏற்க என் மனம் இடம் தராது என்று கண்ணீரோடு பதவி விலகினார். மே மாதத்தில் பள்ளிகளுக்கு ஒரு மில்லிசீவேர்ட்டை நோக்கிப் போவோம் என்று அமைச்சு இறங்கிவந்தது. ஒன்றுக்கும் இருபதுக்கும் நடுவே விஞ்ஞானம் கோடு கீறித் தரவில்லை. எவ்வளவு ஆபத்தை எதற்காக ஏற்பது என்பது ஓர் உடன்பாடு. உடன்பாட்டில் வாழப்போகிறவர் கையெழுத்தும் இருக்கவேண்டும்.

மிதிவெடியிலும் இதே கதைதான். துப்புரவாக்கும் தரநிலை இத்தனை சென்ரிமீற்றர் ஆழம் என்று குறிக்கும். அந்த ஆழத்துக்குள்ளும் ஓர் ஆள் வாழ்கிறார், நடப்பவர், மாடு கட்டுபவர், மேலாக உழுபவர். ஆனால் தென்மராட்சியான் காணிக்குத் திரும்பினால் முதலில் என்ன செய்வான்? வேலிக்குக் கதியால் நடுவான். பிறகு வாழைக்குக் கிடங்கு வெட்டுவான், கக்கூசுக்குக் குழி தோண்டுவான், தூர்ந்த கிணற்றை இறைப்பான். போர்க்கால மண் அணைகளைப் புல்டோசர் தள்ளிய இடங்களில் மிதிவெடிகள் ஆழத்தில் புதையுண்டிருக்கும். அங்கே மண்ணை அரித்தெடுக்க இயந்திரம் வேண்டியிருந்தது. தரநிலையை எழுதும் மேசையில் கதியால் நடுபவரும் இருந்திருக்கவேண்டும் என்பது என் திடமான எண்ணம்.

காட்டைப் பற்றியும் சொல்லவேண்டும். ஜப்பானில் வீட்டை அண்டிய 20 மீற்றர் வரைக்கும் காட்டைச் சுத்தம் செய்தார்கள். மலைக்காடு முழுவதையும் வழித்தால் மண் சரியும், ஆகவே விட்டுவிட்டார்கள். காளான் பறித்தவர்களுக்கும் மலைக்கீரை பிடுங்கியவர்களுக்கும் அந்த வாழ்க்கை இல்லாமல் போனது. தென்மராட்சி கிழக்கிலும் வீடும் வீதியும் பள்ளிக்கூடமும் முதலில், பற்றைக்காடும் பனங்கூடலும் கடைசியில். விறகுக்கும் பனம்பழத்துக்கும் போகிறவர், இரும்பு பொறுக்கி விற்கிறவர், மாட்டின் பின்னே போகிற சிறுவன் ஆகியோர் அந்தக் கடைசிப் பட்டியலில் வாழ்பவர்கள். ஏழைகளின் நிலம் எப்போதும் பின்னால்தான் துப்புரவாகிறது. இதை ஒழுங்குமுறையின் இயல்பென்று சொல்லிவிட்டுப் போக என்னால் முடியாது.

இரண்டு ஊர்களும் பிரியும் இடம் திரும்பும் விதம். ஜப்பானில் 2014இலிருந்து அரசு ஊர் ஊராகத் தடையை நீக்கியது. 2015இல் நாராஹா, 2017இல் இயிதாதேயும் நாமியேயின் ஒரு பகுதியும், 2022 ஓகஸ்ட் 30இல் ஃபுத்தாபாவின் ஒரு பகுதி. அரசு கூப்பிட்டது, மக்கள் தயங்கினார்கள். விபத்துக்கு முன் சுமார் 21,000 பேர் வாழ்ந்த நாமியேயில் இப்போது பத்தில் ஒரு பங்கு அளவினரே வசிக்கிறார்கள், அதிலும் முதியோர் அதிகம். பிள்ளைகள் வேறு ஊரில் பள்ளிக்கூடம் போய் வளர்ந்துவிட்டார்கள். தடைக்குட்பட்ட பகுதி மக்களுக்கு மன உளைச்சலுக்கென்று மாதம் ஒரு இலட்சம் யென் வழங்கப்பட்டது. தடைக் கோட்டுக்கு வெளியே இருந்தவருக்கு மிகச் சொற்பம். ஒரு கோட்டின் இருபுறமும் இருந்த அயலவர் ஒருவரோடொருவர் பேசாமல் போன கதைகள் அங்கே உண்டு.

சாவகச்சேரியில் எல்லாம் தலைகீழ். 2002 பெப்ரவரி 22 போர்நிறுத்தம் வந்ததும், ஏப்ரலில் ஏ9 திறந்ததும், சனம் எவரையும் கேட்டு நிற்கவில்லை. கூரையற்ற வீட்டைத் தேடி வந்தது. மிதிவெடி எடுப்பவர்கள் சனத்தின் பின்னால் ஓடவேண்டியிருந்தது. வேலிகரையில் கால் போனவர்கள் பலர். 1987 முதல் யாழ்ப்பாணத்தில் இயங்கும் ஜெய்ப்பூர் செயற்கைக்கால் நிலையத்தின் கதவு அந்நாட்களில் ஓயவில்லை. ஜெய்ப்பூர்க் கால் வெறுங்காலாக வயலில் இறங்கவும் குந்தியிருக்கவும் இடங்கொடுப்பது, நம் வாழ்க்கைக்கேற்ற கால். ஏன் இந்த அவசரம்? இழப்பீடு என்று மாதம் மாதம் எதுவும் வரவில்லை. மாமரமும் பலாவும் தென்னையும் நின்ற காணியே சீவியம். காத்திருக்க வசதியுள்ளவன்தான் எண்ணைப் பார்த்துத் தயங்கலாம்.

ஆகவே, திரும்புதல் என்பது ஆபத்தின் அளவை மட்டும் பொறுத்ததில்லை. வெளியே இருப்பதற்கும் விலை உண்டு. ஐ.நா.வின் கதிர்வீச்சு விளைவுகள் பற்றிய விஞ்ஞானக் குழு 2021இல் வெளியிட்ட அறிக்கையில், புகுஷிமா மக்களிடம் கதிர்வீச்சு நேரடியாக விளைவித்த உடல்நலக் கேடு எதுவும் பதிவாகவில்லை என்றது. அதே புகுஷிமா மாகாணத்தில், இடப்பெயர்வின் அலைச்சலாலும் மருத்துவம் அறுபட்டதாலும் மனமுடைவாலும் நேர்ந்த மரணங்கள் என்று அரசே ஏற்றுக்கொண்டவை 2,300க்கு மேல். தொண்ணூற்றைந்தில் கைதடி வெளியில் மழைக்குள் நடந்த முதியவர்களைக் கண்டவர்களுக்கு இந்தக் கணக்கை விளக்கவேண்டியதில்லை.

ஜப்பானில் நம்பிக்கை திரும்பிய இடங்களைப் பார்த்தால், அங்கெல்லாம் கருவி மக்களின் கைக்கு வந்திருக்கிறது. அணுமின் நிலையத்துக்குத் தெற்கே, இவாக்கி நகரைச் சேர்ந்த சுவேத்சுகி என்ற சிற்றூரில், றியோகோ அந்தோ என்ற பெண்மணியின் முயற்சியால் ஊரவர் தாங்களே அளவிமானி அணிந்தார்கள். தங்கள் தோட்டத்து மரக்கறியைத் தாங்களே அளந்தார்கள். எண்ணை அதிகாரி வாசிப்பதற்கும், சொந்த முற்றத்தில் சொந்தக் கையால் எடுப்பதற்கும் இடையில் வானத்துக்கும் பூமிக்கும் உள்ள தூரம். நம் பக்கத்தில் இதற்கு இணையானது, அகற்றும் அணியில் அயலூர்ப் பெண்களே வேலை செய்தது. துப்புரவானது என்ற காணிக்குள் முதலில் நடந்து காட்டுபவர் தெரிந்த முகமாக இருந்தால், கச்சேரிக் கடிதத்தைவிட அது கனமானது.

இதையெல்லாம் தூரதேசத்துச் செய்தியாக விட்டுவிட முடியாது. கூடங்குளம் அணுமின் நிலையம் சாவகச்சேரியிலிருந்து நேர்கோட்டில் முந்நூறு கிலோமீற்றருக்குச் சற்று மேல், தலைமன்னாரிலிருந்து சுமார் 245. முதல் உலை 2014 கடைசியிலிருந்து வணிகரீதியாக இயங்குகிறது. அங்கே விபத்து நேரும் என்று நான் சொல்லவில்லை. 2015 பெப்ரவரியில் இந்தியாவும் இலங்கையும் செய்த அணுசக்தி உடன்படிக்கையில் கதிர்வீச்சுப் பாதுகாப்பும் அனர்த்தத் தணிப்பும் இடம்பெற்றிருக்கின்றன. இலங்கை அணுசக்திச் சபை கரையோரங்களில் கதிர்வீச்சை இடையறாது அளக்கும் நிலையங்களை வைத்திருக்கிறது. அளவீடு கொழும்பில் ஒரு திரையில் ஏறினால் மட்டும் போதாது. கடலில் நிற்கும் நெடுந்தீவு மீனவருக்கும் கொடிகாமச் சந்தை வியாபாரிக்கும் அது தமிழில், மணிநேரத்துக்குள் எட்டவேண்டும். சுஷிமாவுக்கு ஓடிய நாமியே மக்கள் விலை கொடுத்தது, தகவல் வேளைக்கு எட்டாததற்குத்தான்.

போர் முடிந்தபோது இலங்கையில் மிதிவெடிச் சந்தேகத்துக்குரிய நிலம் சுமார் 1,300 சதுர கிலோமீற்றர். பெரும்பகுதி விடுவிக்கப்பட்டுவிட்டது. 2017 டிசெம்பரில் மிதிவெடிகளைத் தடைசெய்யும் ஒட்டாவா உடன்படிக்கையில் இலங்கை சேர்ந்ததால், 2028 ஜூன் 1க்குள் எஞ்சியதைத் துடைத்துவிட வேண்டும் என்ற கெடு விழுந்தது. கெடு நிறைவேறும் நாளில் நிதி தருவோர் போய்விடுவார்கள், அணிகள் கலையும். ஆனால் முதலாம் உலகப் போரின் குண்டுகளை பெல்ஜியத்துக் கமக்காரர் நூறாண்டு கழித்தும் உழவில் எடுக்கிறார்கள். எடுத்ததைத் தெருவோரத்தில் வைத்துவிட்டுச் சொல்லி அனுப்ப, இராணுவ வண்டி வந்து ஏற்றிப்போகிறது. ஆண்டுக்கு நூறு தொன்னுக்கு மேல் சேர்கிறது. அதற்கென்று நிரந்தரமான ஓர் அலகும், எல்லாருக்கும் தெரிந்த நடைமுறையும் அங்கே உண்டு. 2040இல் எழுதுமட்டுவாளில் கிணறு வெட்டும் ஒருவர் மண்வெட்டியில் ஏதோ தட்டுப்பட்டு நின்றால், அவர் கூப்பிடவேண்டிய தொலைபேசி இலக்கத்தையும், தமிழில் பதில் சொல்லும் ஆளையும், மறுநாளே வரக்கூடிய அணியையும் 2028க்கு முன்னரே சாவகச்சேரிப் பிரதேச செயலகத்தில் ஏற்படுத்தி வைக்கவேண்டும்.